சூரியனில் சேதாரம்

உலகத்திலேயே முதன் முதலாகச் சேதாரம் கழித்த ஆசாரி யார், தெரியுமா?

நகைக் கடையில் ரசீதைக் கையில் வாங்கியதும், "தங்கத்தின் விலை இவ்வளவு, சரி. செய்கூலி இவ்வளவு, போகட்டும். சேதாரம் என்று போட்டிருக்கிறீர்களே, சேதமான தங்கம் எங்கே போயிற்று?" என்று கேட்காத பெண்மணி உண்டா? கடைக்காரர் புன்னகை செய்வார். குளிர்பானம் வரும். அதைக் குடித்து முடிப்பதற்குள் கேள்வி மறந்துவிடும். வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றும்போது மறுபடியும் ஞாபகம் வரும்!

இந்தக் கேள்விக்கு ஒளிக்காமல் பதில் சொன்ன ஆசாரி எனக்குத் தெரிந்து ஒரே ஒருவர்தான். அவர் பெயர் விசுவகர்மா. தேவலோகத்துச் சிற்பி. அவருடைய பட்டறைக்கு வேலைக்கு வந்த உருப்படி வளையலோ சங்கிலியோ அல்ல. சாட்சாத் சூரிய பகவான்!

கதை விஷ்ணு புராணத்தில் இருக்கிறது. விசுவகர்மாவின் பெண் சஞ்ஞா தேவி சூரியனுக்கு வாழ்க்கைப்பட்டாள். மனு, யமன், யமி என்று மூன்று குழந்தைகள் பிறந்தார்கள். குடும்பத்தில் வேறு குறை ஒன்றும் இல்லை. மாப்பிள்ளையின் உஷ்ணம் ஒன்றுதான் தாங்க முடியவில்லை. கணவன் சுடுசொல் சொன்னால் ஒரு நாள் பொறுத்துக் கொள்ளலாம். மறு நாள் வட்டியோடு திருப்பிக் கொடுக்கலாம். கணவனே சுட்டால் என்ன செய்வது? சஞ்ஞா தேவி தன் நிழலையே ஒரு பெண்ணாக்கி, சாயா என்று பெயரிட்டு, வீட்டையும் புருஷனையும் அவளிடம் ஒப்படைத்துவிட்டுக் காட்டுக்குத் தவம் செய்யப் போய்விட்டாள்.

நிழல் எத்தனை நாள் நிஜமாக நடிக்கும்? ஒரு நாள் கோபத்தில் சாயா யமனைச் சபித்துவிட்டாள். "பெற்ற தாய் இப்படிச் சபிப்பாளா?" என்று சந்தேகம் வந்து, குட்டு வெளிப்பட்டது. சூரியன் மனைவியைத் தேடிப் போய் அழைத்து வந்தான்.

இப்போது மாமனார் என்ன செய்தார் என்று கவனியுங்கள். பெண்ணைக் கூப்பிட்டு, "கொஞ்சம் அநுசரித்துப் போம்மா" என்று உபதேசம் செய்யவில்லை. மாப்பிள்ளையைத் தூக்கிக் கடைசல் சக்கரத்தில் ஏற்றினார்! சக்கரம் சுற்றச் சுற்றச் சூரியனைச் சீவினார். எட்டில் ஒரு பங்கு பிரகாசம் கழிந்தது. அதற்கு மேல் கழிக்க முடியவில்லையாம்.

எட்டில் ஒன்று என்றால் நூற்றுக்குப் பன்னிரண்டரை. சொந்த மாப்பிள்ளைக்குக் கூடச் சேதாரத்தில் சலுகை காட்டவில்லை, பாருங்கள்!

ஆனால் ஒரு வித்தியாசம். சீவிய துகள் எங்கே போயிற்று என்பதற்கு அவரிடம் கணக்கு இருந்தது. அந்தத் துகளைத் திரட்டித்தான் மகாவிஷ்ணுவின் சக்கரத்தைச் செய்தார். சிவபெருமானின் சூலத்தைச் செய்தார். முருகனின் வேலைச் செய்தார். மற்ற தேவர்களுக்கும் ஆளுக்கு ஓர் ஆயுதம் கிடைத்தது. ஒரு பொட்டுக் கூட வீணாகவில்லை.

இந்தக் கதையில் எனக்குப் பிடித்த சங்கதி இன்னொன்று உண்டு. தமிழில் 'பொழுது' என்றால் சூரியன். 'பொழுது' என்றாலே காலமும்தான். "பொழுது சாய்ந்தது" என்கிறோம். "பொழுது போகவில்லை" என்கிறோம். நாளும் மாதமும் வருஷமும் நமக்குச் சூரியனைக் கொண்டே கணக்கு. அவன் மேஷ ராசியில் அடியெடுத்து வைத்தால் நமக்குச் சித்திரை பிறக்கிறது. போதாக்குறைக்கு, அவனுடைய மகன் யமனுக்குக் காலன் என்றே பெயர். ஆகவே விசுவகர்மா, காலனுக்குத் தாய் வழித் தாத்தா! அந்தத் தாத்தாவின் பட்டறையில் சீவப்பட்டது வெறும் வெளிச்சம் அல்ல, காலம். காலத்தின் மிச்சத்தை உருக்கிப் பண்டமாக்கிய பட்டறை அது.

கற்பனைதான், வாஸ்தவம். ஆனால் பத்திரிகை ஆபீஸில் உட்கார்ந்து வேலை செய்கிறவளுக்கு, நல்ல கற்பனை ஒன்றைக் கண்டால் அதற்கு நிஜத்தில் ஒன்றுவிட்ட தம்பி தங்கை யாராவது இருக்கிறார்களா என்று தேடுகிற வழக்கம் வந்துவிடுகிறது. தேடினேன். கிடைத்தார்கள்.

1621-ம் வருஷம் ஏப்ரல் 10-ந் தேதி. ஜஹாங்கீர் பாதுஷாவின் ஆட்சி. பஞ்சாபில் ஜாலந்தர் பக்கத்து ஒரு கிராமத்தில் காலை வேளையில் கிழக்கேயிருந்து பயங்கரமான ஓசை கிளம்பியது. ஜனங்களுக்கு உயிர் போய் உயிர் வந்தது. ஆகாயத்திலிருந்து ஒரு வெளிச்சம் தரையில் விழுந்தது. அந்தப் பகுதி அதிகாரி போய்ப் பார்த்தார். பத்துப் பன்னிரண்டு கஜம் நிலம் புல் பூண்டு இல்லாமல் கருகியிருந்தது. தோண்டச் சொன்னார். தோண்டத் தோண்டச் சூடு அதிகமாயிற்றாம். கடைசியில் அடுப்பிலிருந்து அப்போதுதான் எடுத்தது போல் ஓர் இரும்புக் கட்டி அகப்பட்டது. முத்திரையிட்டுப் பாதுஷாவிடம் அனுப்பி வைத்தார்.

பாதுஷா அதைத் தம் எதிரிலேயே நிறுக்கச் சொன்னார். 160 தோலா, ஏறக்குறைய இரண்டு கிலோ. உஸ்தாத் தாவூத் என்ற கொல்லரைக் கூப்பிட்டு, அதில் வாளும் கத்தியும் செய்யும்படி உத்தரவிட்டார். தாவூத் சுத்தியலால் அடித்தார். வானத்து இரும்பு நொறுங்கியது. எத்தனை பெரிய உஸ்தாதாக இருந்தால் என்ன? தனியாக அது அடிக்கு நிற்கவில்லை.

"அப்படியானால் வேறு இரும்பைச் சேர்" என்றார் பாதுஷா. மூன்று பங்கு வானத்து இரும்பு, ஒரு பங்கு நம் ஊர் இரும்பு. கலந்து அடித்ததும் வேலை ஆயிற்று. இரண்டு வாள், ஒரு குத்துவாள், ஒரு கத்தி. வாளை வளைத்தால் வளைந்ததாம், விட்டால் நிமிர்ந்ததாம். இதையெல்லாம் ஜஹாங்கீர் தம்முடைய நினைவுக் குறிப்புகளில் தாமே எழுதி வைத்திருக்கிறார். அந்தக் கத்தி இன்றும் இருக்கிறது. அமெரிக்காவில் வாஷிங்டன் நகரத்து ஸ்மித்ஸோனியன் கலைக்கூடத்தில்.

இதைவிடப் பழைய உருப்படி எகிப்தில் இருக்கிறது. துட்டன்காமன் என்ற பையனை நீங்கள் கேள்விப்பட்டிருப்பீர்கள். பாலகனாகவே ராஜாவாகி, இருபது வயதுக்குள் இறந்து போனவன். அவனுடைய கல்லறையை 1922-ல் கண்டுபிடித்தார்கள். 1925-ல் உடலின் துணிச் சுற்றைப் பிரித்தபோது, தொடையருகே ஒரு கத்தி. தங்கப் பிடி, இரும்பு அலகு. 3,300 வருஷமாகியும் துரு ஏறவில்லை. அந்தக் காலத்து எகிப்தில் இரும்பு தங்கத்தைவிட அபூர்வம். எங்கிருந்து வந்தது? 2016-ல் இத்தாலிய, எகிப்திய விஞ்ஞானிகள் எக்ஸ்ரே ஒளியைப் பாய்ச்சிப் பார்த்துச் சொல்லிவிட்டார்கள். நிக்கல் என்ற உலோகம் அதில் நூற்றுக்குப் பதினோரு பங்கு இருக்கிறது. சந்தேகம் இல்லை, விண்கல்லிலிருந்து அடித்த கத்திதான்.

விண்கல் என்பது என்ன? சூரியனும் பூமியும் மற்றக் கிரகங்களும் சுமார் 456 கோடி வருஷத்துக்கு முன்பு திரண்டு உருவானபோது, எதிலும் சேராமல் மிஞ்சிப் போன துண்டு துணுக்குகள். அவற்றில் சில அவ்வப்போது நம் மீது வந்து விழுகின்றன. சூரியக் குடும்பத்தைக் கடைந்தபோது விழுந்த சேதாரம் என்று சொன்னால் தவறில்லை. அன்றைக்குப் புராணம் சொன்னவருக்கு இந்த விஞ்ஞானம் தெரியும் என்று நான் சாதிக்க வரவில்லை. ஆனால் நல்ல கற்பனை சில சமயம் உண்மையின் வீட்டுத் திண்ணை வரைக்கும் போய் உட்கார்ந்துவிடுகிறது!

மற்ற எல்லாவற்றையும்விட, தாவூத் கொல்லரின் கலப்புக் கணக்குத்தான் என் மனத்தில் நின்றது. 456 கோடி வருஷத்துப் பழைய இரும்பு. அதற்கு இல்லாத பெருமையா? இருந்தாலும் தெருவில் கிடைக்கிற சாதாரண இரும்பு ஒரு பங்கு சேர்ந்த பிறகுதான் அது கத்தியாயிற்று. பழையது எவ்வளவு உயர்ந்ததாக இருந்தாலும், இன்றைய சரக்கு கொஞ்சம் சேராமல் கைக்கு உதவாது.

தங்கத்துக்கும் இதே சட்டம்தான். சுத்தத் தங்கத்தில் வளையல் செய்தால் கதவில் இடித்தாலே கோணிக் கொள்ளும். அதனால் 24 பங்கில் 22 பங்கு தங்கம், 2 பங்கு செம்போ வெள்ளியோ. நாம் 'பவுன்' என்று சொல்கிறோமே, அந்த இங்கிலீஷ் நாணயமும் 22 காரட்தான். அதன் எடை 7.988 கிராம். நாம் தாராள மனசோடு எட்டு கிராம் என்று வைத்துக் கொண்டோம்.

தங்கத்தின் வயசைக் கேட்டால் இரும்பு வெட்கப்படும். சூரியனுக்குத் தங்கம் செய்யத் தெரியாது. அதற்கு இன்னும் பெரிய உலை வேண்டும். இறந்து போன நட்சத்திரங்கள் இரண்டு ஒன்றோடொன்று மோதினால் தங்கம் பிறக்கும். அப்படி ஒரு மோதலை 2017 ஆகஸ்ட் 17-ந் தேதி விஞ்ஞானிகள் நேராகவே கண்டார்கள். ஆக, உங்கள் காதில் இருக்கிற தோடு, காலையில் ஜன்னல் வழியாக அதன் மேல் விழுகிற சூரிய வெளிச்சத்துக்கே பாட்டி முறை!

பாட்டி என்றதும் எங்கள் வீட்டுச் சங்கதிக்கு வருகிறேன்.

எங்கள் பாட்டிக்கு 1951-ல் கல்யாணம். தாத்தாவின் கணக்கு நோட்டில், "வளையல், ஜோடி 1, பவுன் 5" என்று சிவப்பு மசியில் எழுதியிருக்கிறது. ஐந்து பவுன் என்றால் நாற்பது கிராம். பாட்டி அந்த வளையல்களைக் கழற்றி நான் பார்த்ததே இல்லை. அந்தக் கைகளால்தான் அம்மியில் அரைத்தாள், ஆட்டுக்கல்லைச் சுற்றினாள், கிணற்றில் இறைத்தாள், எங்களுக்குத் தலை பின்னினாள், முதுகில் இரண்டு வைத்தாள்.

பதினொரு வருஷத்துக்கு முன் பாட்டி காலமானாள். அவளுக்கு இரண்டு பெண்கள்: என் அம்மா, என் சித்தி. ஆளுக்கு ஒரு வளையல் என்று பங்காயிற்று. இதைவிட நியாயமான பாகப் பிரிவினை உண்டா? ஆனால் யாரோ ஒரு புண்ணியவான் இரண்டையும் நிறுத்துப் பார்த்துவிட்டார். அம்மாவுக்கு வந்தது 19.1 கிராம். சித்திக்கு வந்தது 18.6 கிராம்.

அரை கிராம்!

சித்தி அரை கிராம் தங்கத்துக்கு ஆசைப்படுகிறவள் அல்ல. "அக்கா கையை முதலில் நீட்டினாள்" என்பதுதான் அவள் மனத்தில் தைத்தது. "நான் எங்கேடி நீட்டினேன்? கொடுத்ததை வாங்கிக் கொண்டேன்" என்பது அம்மாவின் கட்சி. வெளிப்படையாகச் சண்டை ஒன்றும் நடக்கவில்லை. நடந்திருந்தால் அன்றைக்கே தீர்ந்திருக்கும். சித்தி பொடி வைத்துப் பேச ஆரம்பித்தாள். இந்தப் 'பொடி' கூட ஆசாரி பட்டறையிலிருந்து வந்த வார்த்தைதான். நகையில் ஒட்டுப் போடுகிற இடத்தில் பொடி வைத்துத்தானே ஊதுவார்கள்? ஆனால் அந்தப் பொடி ஒட்ட வைக்கும். சித்தியின் பொடி வேறு வேலை செய்தது. கல்யாணம் கார்த்திகைகளில் அக்காவும் தங்கையும் வேறு வேறு வரிசையில் உட்கார்ந்தார்கள். ஒருவர் சேதியை இன்னொருவருக்குச் சொல்ல நடுவில் நான் ஒரு தபால் நிலையமானேன். ஒற்றை வளையலை எந்தக் கையில் போட்டுக் கொள்வது? இரண்டும் இரண்டு வீட்டுப் பீரோக்களில் தூங்கின.

போன வருஷம் ஒரு விசேஷத்தில் என் பெண்ணும் சித்தியின் பேத்தியும் சிநேகிதமானார்கள். ஒருத்திக்கு ஏழு வயசு, மற்றவளுக்கு ஐந்து. பெரியவர்களின் வரிசைக் கணக்கெல்லாம் அதுகளுக்குத் தெரியாது. ஒரே இலையில் உட்கார்ந்து சாப்பிட்டன. அதைப் பார்த்துத்தான் சித்தியின் பிள்ளையும் நானும் பேசி ஒரு முடிவுக்கு வந்தோம். இரண்டு வளையலையும் சேர்த்து உருக்கி, இரண்டு குழந்தைகளுக்கும் ஆளுக்கு ஒரு ஜோடி செய்து வைத்துவிடுவது. பெரியவர்களானதும் போட்டுக் கொள்ளட்டும். அம்மா சரி என்றாள். சித்தி, "என் கண் எதிரில் நிறுக்க வேண்டும்" என்று நிபந்தனை போட்டாள். ஜஹாங்கீர் பாதுஷாவும் அப்படித்தானே கேட்டார்!

மயிலாப்பூரில் ஒரு சந்தில் வயசான ஆசாரி ஒருவர் இருக்கிறார். பெரிய கடைகள் வந்த பிறகும் பட்டறையை விடாமல் நடத்துகிறார். 1963 ஜனவரியில் தங்கக் கட்டுப்பாடு வந்து, பதினான்கு காரட்டுக்கு மேல் புதிதாக நகை செய்யக் கூடாது என்று சர்க்கார் சொன்னபோது, அவருடைய தகப்பனார் உலையை அணைத்துவிட்டுச் சில காலம் மளிகைக் கடையில் பொட்டலம் மடித்தாராம். "கை மட்டும் சும்மா இருக்காதும்மா. பொட்டலத்தைக் கூட நகை மாதிரி மடிப்பார்" என்றார் ஆசாரி. 1968-ல் தங்கக் கட்டுப்பாட்டைச் சட்டமாகவே செய்தார்கள்; 1990-ல்தான் ரத்தாயிற்று.

ஆசாரி எலக்ட்ரானிக் தராசில் வளையல்களைத் தனித் தனியாக வைத்தார். 19.1. 18.6. சித்தி அம்மாவைப் பார்த்தாள். அம்மா சுவரில் இருந்த காலண்டரைப் பார்த்தாள்.

ஆசாரி கண்ணாடியை ஏற்றிவிட்டுக் கொண்டு, இரண்டையும் திருப்பித் திருப்பிப் பார்த்தார். விரலால் தடவினார். பிறகு, "இதைப் போட்டிருந்தவங்க நிறைய வேலை செஞ்ச மனுஷி" என்றார்.

"எப்படிச் சொல்கிறீர்கள்?" என்றேன்.

"ஒரே கை செஞ்ச ஜோடிம்மா இது. செஞ்சப்போ ரெண்டும் குண்டுமணி பிசகாம ஒரே எடையாத்தான் இருந்திருக்கும். இது இடது கை வளையல், அவ்வளவாத் தேயலை. இதோ, இது பாருங்க, ஒரு பக்கமா இழைஞ்சிருக்கு. வலது கை. அரைக்கிறது, இறைக்கிறது எல்லாம் அந்தக் கைதானே?"

சித்தி மெதுவாகக் கேட்டாள்: "அப்போ எனக்கு வந்தது..."

"உங்க அம்மாவோட வலது கைம்மா."

பட்டறையில் கொஞ்ச நேரம் பேச்சே இல்லை. சித்தி அந்த வளையலை எடுத்து முந்தானையில் பொத்திக் கொண்டாள். அம்மாதான் முதலில் வாயைத் திறந்தாள். "இது எனக்கு அன்னிக்கே தெரிஞ்சிருந்தா, அந்த இளைச்சதுதான் வேணும்னு நான் சண்டை போட்டிருப்பேன்டி" என்றாள். சித்திக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்துவிட்டன.

இப்போது ஒரு புதுச் சங்கடம். அப்படிப்பட்ட வளையலை உருக்கலாமா? தேய்ந்த பக்கத்தில் பாட்டி அறுபது வருஷத்துக்கு மேல் வாழ்ந்த வாழ்வு எழுதியிருக்கிறது. நெருப்பில் போட்டால் அத்தனையும் அழிந்து போகும். அப்புறம் அழுதாலும் திரும்பாது. "வேண்டாம் என்றால் விட்டுவிடலாம், சித்தி. யாருக்கும் வருத்தமில்லை" என்றேன். ஆசாரியும் பொறுமையாகச் சுடரைத் தணித்து வைத்தார்.

சித்தி வெகு நேரம் யோசித்தாள். பிறகு சொன்னாள்: "பீரோவுக்குள்ளே இருக்கிற கை யாருக்குடி சோறு போடப் போறது? குழந்தைங்க கையில ஏறட்டும்."

அவளே தன் கையால் வலது கை வளையலை ஆசாரியிடம் கொடுத்தாள். அம்மா இடது கை வளையலைக் கொடுத்தாள். ஆசாரி இரண்டையும் துண்டு செய்து மூசையில் போட்டு, வெண்காரம் தூவி, காஸ் சுடரைப் பிடித்தார். முதலில் துண்டுகள் சிவந்தன. பிறகு ஓரங்கள் வியர்த்தது போல் பளபளத்தன. சட்டென்று எல்லாம் ஒன்றாகச் சுருண்டு, ஒரு சின்னச் சூரியனாக உருண்டு நின்றது. அக்காவும் தங்கையும் தோளோடு தோள் இடிக்கக் குனிந்து பார்த்தார்கள். அதில் 19.1 எது, 18.6 எது என்று பிரம்மாவாலும் சொல்ல முடியாது.

உருகின தங்கத்துக்கு ஞாபகம் கிடையாது என்பதை அன்றைக்குத்தான் கண்ணால் கண்டேன். பாட்டியின் அம்மியையும் கிணற்றையும் அது மறந்துவிட்டது. பதினொரு வருஷத்துச் சண்டையையும் மறந்துவிட்டது. ஒன்றை மட்டும் வைத்துக் கொண்டு மற்றதை மட்டும் மறக்கும்படி நெருப்பிடம் கேட்க முடியாது.

மொத்தம் 37.7 கிராம். தாத்தாவின் கணக்குக்கு 2.3 கிராம் குறைகிறது. அதற்கும் ஆசாரியின் சேதாரத்துக்குமாகப் புதுத் தங்கம் கொஞ்சம் வாங்கிச் சேர்த்தோம். அம்மா பாதி, சித்தி பாதி. பைசா பிசகாமல் பங்கு போட்டுக் கொண்டார்கள். அதில் மட்டும் இரண்டு பேரும் தாத்தாவின் பெண்கள்! பதினைந்து நாளில் இரண்டு ஜோடி வளையல் வந்தன. ஜோடிக்கு 20 கிராம். மறுபடியும் ஐந்து பவுன்.

சரி, தேய்ந்து போன அந்த 2.3 கிராம் எங்கே போயிற்று? ஆசாரி பட்டறையில் விழுகிற தூசிக்கூட வீண் போவதில்லை. வாசல் மண்ணை விலைக்கு வாங்கி, தண்ணீரில் அரித்து, பொன் எடுத்துப் பிழைக்கிறவர்கள் இருக்கிறார்கள். ஆனால் பாட்டியின் 2.3 கிராமை எந்த மண்ணில் போய் அரிப்பது? கொஞ்சம் அம்மிக் கல்லில் போயிருக்கும். கொஞ்சம் கிணற்றுக் கயிற்றில். கொஞ்சம் எங்கள் தலைப் பின்னலில். தோசை மாவில் விழுந்து ஒரு கடுகளவாவது எங்கள் வயிற்றுக்குள்ளும் போயிருக்காதா? நகைக் கடைக்காரர் சொல்லாத பதில் எனக்குக் கிடைத்துவிட்டது. சில வீட்டுச் சேதாரம் அந்த வீட்டு மனிதர்களாகவே ஆகிவிடுகிறது.

உங்கள் வீட்டிலும் பீரோவில் இப்படி ஒரு பழைய உருப்படி இருக்கும். உருக்கலாமா, வைத்துக் கொள்ளலாமா என்று நான் தீர்ப்புச் சொல்லப் போவதில்லை. அது உங்கள் வீட்டுச் சங்கதி. ஆனால் உருக்குவதாக இருந்தால், அதற்கு முன்னால் ஒரு படம் எடுத்துக் கொள்ளுங்கள். எடையைக் குறித்துக் கொள்ளுங்கள். யாருடையது, எந்த வருஷத்தது, எந்தப் பக்கம் தேய்ந்திருக்கிறது என்று எழுதி வைத்துக் குழந்தைகளிடம் சொல்லுங்கள். உலோகத்துக்கு ஞாபகம் இல்லாத குறையை நாம்தான் தீர்க்க வேண்டும். சித்தி அப்படியே செய்தாள். தாத்தாவின் நோட்டில் அந்தப் பழைய வரிக்குக் கீழே நீல மசியில், "வளையல், ஜோடி 2, பவுன் 5. அம்மாவின் இரண்டு கைகள்" என்று எழுதி வைத்திருக்கிறாள்.

வளையல் வந்த அன்று குழந்தைகள் இரண்டும் போட்டுப் பார்த்தன. முழங்கை வரைக்கும் வழிந்து ஓடியது. என் பெண் சந்தேகப்பிராணி. யாரைக் கொண்டிருக்கிறாள் என்று கேட்காதீர்கள். "பாட்டி, எல்லாம் ஒரே எடைதானா?" என்று சித்தியிடம் கேட்டாள்.

"இன்னிக்கு ஒரே எடை. நீங்க ரெண்டு பேரும் வேலை செய்யச் செய்ய மாறும்" என்றாள் சித்தி.

ஒரு விஷயம்: சித்தியின் பேத்திக்கு இடது கைப் பழக்கம். அறுபது வருஷம் கழித்து இந்த வளையல்களை நிறுத்துப் பார்க்கப் போகிற ஆசாரி யாரோ, பாவம், நன்றாகக் குழம்பப் போகிறார்!